சேரின் பேச்சில் நான் வரும் இடம்

என் முதலாளி சேர் பள்ளிக்கூட மேடைகளில் பேசும்போது நான் எந்த இடத்தில் வருவேன் என்பது எனக்கு மனப்பாடம். முதலில் பாடசாலை அதிபருக்கு வணக்கம். அடுத்து ரோட்டின் நிலைமை. அதற்கடுத்து மிளகு வியாபாரத்தில் மாத்தளையிலேயே பேரெடுத்த தன் தகப்பனைப் பற்றி இரண்டு வார்த்தை. பிறகு தொண்டையைச் செருமுவார். செருமிவிட்டார் என்றால் அடுத்தது நான்தான்.

“வெளியே காருக்குப் பக்கத்தில் என் டிரைவர் நிற்கிறார், பார்த்தீர்களா பிள்ளைகளே? எட்டாம் ஆண்டோடு பாடசாலையை விட்டவர். தங்கமான மனிதர். ஆனால் எங்கே நிற்கிறார்? வாசலில். நீங்கள் மேடையில் நிற்க வேண்டும்.”

உடனே பிள்ளைகள் எல்லாரும் ஜன்னல் பக்கம் திரும்புவார்கள். நான் கார்க் கண்ணாடியைத் துடைப்பேன். துடைத்ததையே திரும்பவும் துடைப்பேன்.

சேரைக் குறை சொல்ல எனக்கு வாய் வராது. கொழும்பில் பெரிய வங்கி ஒன்றின் உச்சியில் இருந்தவர். ஓய்வு பெற்றதும் அலுவிகாரையில் இருக்கும் குடும்ப வீட்டுக்கே திரும்பி வந்துவிட்டார். அவர் மனைவி காலமாகிவிட்டார், பிள்ளைகள் வெளிநாட்டில். எந்தப் பள்ளிக்கூடம் கேட்டாலும் சப்பாத்து, புத்தகப் பை, கூரை என்று செய்து கொடுப்பார். சுவரில் பெயர் போடவே விடமாட்டார். என் மனைவி ஆஸ்பத்திரியில் கிடந்தபோது, “நீ அங்கேயே இரு” என்று சொல்லிவிட்டு, அந்த வயதில் காரைத் தானே ஓட்டிக்கொண்டு திரிந்தார். அவருக்கென்று இருக்கிற ஒரே ஆசை அந்தப் பேச்சுத்தான். அதை எப்படி வேண்டாம் என்பது?

நான் எதற்கும் பயந்தவன். காரைப் பூட்டிவிட்டு நாலு அடி போய், திரும்பி வந்து கதவை இழுத்துப் பார்ப்பேன். அப்பாவுக்கு முடியாமல் போனதில் படிப்பு நின்றது. அது ஊரறிந்த கதை, மறைக்க ஒன்றுமில்லை. ஆனாலும் ஒலிபெருக்கியில் கேட்கும்போது வேறு மாதிரி இருக்கும். தெரியாத ஊர், தெரியாத பிள்ளைகள், போகட்டும் என்று விட்டுக்கொண்டே வந்தேன்.

அப்புறம்தான் பல்லேபொலப் பக்கம் என் மகள் படிக்கிற பாடசாலையின் முறை வந்தது. பெண் பிள்ளைகளுக்கு மலசலகூடம் கட்டிக் கொடுத்திருந்தார் சேர். திறப்பு விழாவுக்கு அவர்தான் பிரதம விருந்தினர்.

சேதி கேட்ட அன்றைக்கே மகள் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

“அப்பா, எங்க ஸ்கூல்லயும் சேர் அந்தக் கதைய சொல்வாங்களா?”

“எந்தக் கதை?”

“ஒங்க கதை. டியூஷன்ல ஒரு பிள்ளை சொன்னிச்சு. அவங்க ஸ்கூல்ல சொன்னாங்களாம்.” பின்னல் நுனியை இழுத்துக்கொண்டே இருந்தாள். “அன்னைக்கு ஸ்கூல் பேண்ட் வாத்தியத்துல நான் முன்னுக்கு நிக்கணும்ப்பா.”

வேறொன்றும் அவள் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் ஏசியாவது இருப்பேன்.

மனைவிக்கு இதெல்லாம் ஒரு விஷயமே இல்லை. “வாய் இருக்குதானே? கேளுங்களேன். சேர் என்ன கடிச்சா வைக்கப் போறாரு?”

“கோவிச்சுக்கிட்டாருன்னா? வேலை போச்சுன்னா?”

“ஒங்களுக்கு மழை பேஞ்சாலும் பயம், பேயாட்டியும் பயம். கேக்காம விட்டு, நாளைக்கு பிள்ளை ஸ்கூலுக்குப் போக மாட்டேன்னு நின்னா, அப்ப யாருக்குப் பயப்படுவீங்க?”

விழாவன்று காலை காரில் போகும்போது பஸ் ஒன்றின் பின்னால் மாட்டிக்கொண்டோம். முந்திப் போக இடம் இருந்தும் நான் முந்தவில்லை. பள்ளிக்கூடம் வருவதற்குள் வாயைத் திறந்தாக வேண்டும்.

“சேர், ஒரு சின்ன விஷயம்.”

“என்ன தம்பி, லீவா?”

“இல்ல சேர். இன்னைக்குப் பேச்சுல என்னைய மட்டும் விட்டுருங்க சேர். மகள் அங்கதான் படிக்குது.”

கண்ணாடியில் பார்த்தேன். சேர் என் பிடரியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“அது உனக்குக் கேட்குமா?”

“ஸ்பீக்கர வெளியிலதானே சேர் கட்டுறாங்க.”

அதைக் கேட்டு அவர் தன் கைகளைப் பார்த்தார். பள்ளிக்கூடம் வரும்வரை நிமிரவே இல்லை.

பேண்ட் வாசித்தார்கள். மகள் வெள்ளைக் கையுறை போட்டு முன்னால் நடந்தாள். காரைப் பார்க்காமல் நடந்தாள். மாலை, விளக்கு, அதிபர் பேச்சு எல்லாம் முடிந்து சேர் எழுந்தார். வணக்கம். ரோடு. தகப்பன். செருமினார். நான் துணியைக் கையில் எடுத்துவிட்டேன். சேர் இன்னொரு தரம் செருமினார். மைக் இரைந்தது. அந்தப் பேச்சு நிற்பதே என் மேல்தான் என்பது எனக்கு அப்போதுதான் உறைத்தது. என்னை உருவியதும் அவருக்குச் சொல்ல ஒன்றும் இருக்கவில்லை.

“நான் பரீட்சையில் தவறியவன்,” என்றார் சேர். குரலே மாறியிருந்தது. “என் தகப்பன் ஒரு ஃபோன் எடுத்தார். எனக்கு வங்கியில் கதிரை கிடைத்தது. உங்களுக்காக யாரும் ஃபோன் எடுக்க மாட்டார்கள். படியுங்கள்.”

அவ்வளவுதான். உட்கார்ந்துவிட்டார். கை தட்டுவதா வேண்டாமா என்று தெரியாமல் அங்கொன்றும் இங்கொன்றுமாகத் தட்டினார்கள்.

எனக்கு நிலத்தைப் பார்க்க வேண்டியிருந்தது. சபை நடுவே ஒரு வயசாளியின் சட்டையைக் கழற்ற வைத்தது போல இருந்தது. திரும்பி வரும்போது, “நான் அப்படிச் சொல்லச் சொல்லல சேர்,” என்றேன்.

“நீ சொல்லல தம்பி. ரோட்டைப் பாரு.”

வீட்டுக்கு வந்தால் மகள் துள்ளிக்கொண்டிருந்தாள். “ஒங்களப் பத்தி ஒன்னுமே சொல்லலப்பா! சேரே ஃபெயிலாம், பிள்ளைங்க எல்லாம் ஒரே சிரிப்பு.” அவளோடு சேர்ந்து சிரிக்கப் பார்த்தேன்.

போன மாதம் வேறொரு பள்ளிக்கூடம், தூரத்து ஊர். காரை நிறுத்தியதும் சேர் இறங்கவில்லை.

“தம்பி, இங்க உனக்குத் தெரிஞ்ச பிள்ளைங்க இருக்கா?”

“இல்ல சேர்.”

“அப்ப... சொல்லவா?”

எத்தனையோ பேரின் கடன் விண்ணப்பத்தை ஒரு தலையாட்டலில் முடித்து வைத்தவர், என் தலை ஆடுமா என்று பார்த்துக்கொண்டிருந்தார். அந்த முகத்தைப் பார்த்து முடியாது என்று யார் சொல்வது?

“சொல்லுங்க சேர்.”

அவர் போனதும் சட்டையை உள்ளே செருகிக்கொண்டேன். கழுத்துப் பட்டனையும் போட்டேன். துணியைக் கையில் எடுக்கவில்லை. திரும்பினால் பிள்ளைகள் பார்க்கட்டும் என்று கதவோரம் நிமிர்ந்து நின்றேன். வணக்கம். ரோடு. தகப்பன். சேர் செருமினார்.

“எல்லாருக்கும் நன்றி,” என்றார்.

ஒரு பிள்ளையும் திரும்பிப் பார்க்கவில்லை. போட்ட பட்டனோடு நான் அப்படியே நின்றேன்.