அண்ணி அனுப்பிய பெட்டியும் அண்ணனின் பழைய கண்ட்ரோலரும்

வெளிநாட்டிலிருந்து வந்த பெட்டியைப் பிரிப்பது, தேயிலைத் தோட்டத் தொழிலாளர் வீட்டு வரிசையான எங்கள் லயத்தில் ஒரு திருவிழா. அன்று எங்கள் இஸ்தோப்பில், அதாவது லயத்து வீட்டின் முன்திண்ணை போன்ற அந்தச் சின்ன இடத்தில், நானும் அம்மாவும் மட்டும் உட்கார்ந்து பிரித்தோம். ஒரு கம்பளி, இரண்டு டின் பால்மா, வாசனைச் சவர்க்காரம், அவற்றுக்கு நடுவே குழந்தைத் துவாலையில் சுற்றிய கறுப்பு நிற வீடியோ கேம் பெட்டி. அதற்கான வயர்கள் இருந்தன, இரண்டு கேம் தட்டுகள் இருந்தன. கையில் பிடித்து விளையாடும் கண்ட்ரோலர் மட்டும் இல்லை. துவாலையை இரண்டு தடவை உதறினேன். பால்மா டின்னைக்கூட அசைத்துப் பார்த்தேன், என் புத்தி அப்படி.

உள்ளறைக் கட்டிலிலிருந்து அண்ணன், "கடுதாசி இருக்கும்டா, படி" என்றார். அண்ணி குவைத்தில் ஒரு வீட்டில் வேலை செய்தார். அந்த வீட்டுப் பிள்ளைகள் கண்ட்ரோலரைத் தரையில் அடித்து உடைத்துவிட்டு, பெட்டியே வேண்டாம் என்று ஒதுக்கியிருக்கிறார்கள். 'ரிமோட்டு நம்ம வீட்லதான் இருக்கே, அதப் போட்டு வெளயாடுங்க' என்று அண்ணி எழுதியிருந்தார். பழைய கேம் பெட்டியின் கண்ட்ரோலர் புதியதற்கும் சேரும் என்று நினைத்துவிட்டார், பாவம். அவருக்கு அதுவும் இதுவும் ஒன்று. நான் அத்தோடு நிறுத்தியதும் அண்ணன், "கடைசி வரியையும் படி" என்றார். இன்னும் இரண்டு வருடத்துக்குக் கையெழுத்துப் போட்டுவிட்டதாகக் கடைசி வரியில் இருந்தது. அம்மா எழுந்து அடுப்பைப் பார்க்கப் போய்விட்டார்.

யுத்தம் முடிந்த வருடத்தின் கடைசி அது. அண்ணன் படுத்து ஆறு வருடமாகியிருந்தது. தேயிலை மலையில் நிழல் மரங்களுக்குக் கிளை கழிக்க ஏறுவதில் அவரை அடிக்க ஆளில்லை என்பார்கள். மழை பெய்து ஓய்ந்த ஒரு காலையில் அந்த மரம் அவரைக் கீழே போட்டது. முதுகெலும்பு போனது, இடுப்புக்குக் கீழே எதுவும் இல்லை. கைகள் மட்டும் பழைய கைகளாகவே இருந்தன. கட்டிலில் கிடந்தபடி சுவரைக் கைகளால் தள்ளித் தள்ளி ஓரிடத்தில் பள்ளமே விழுந்துவிட்டது. அதற்கு அடுத்த வருடம் அண்ணி வெளிநாடு போனார். முதல் தடவை லீவில் வந்தபோது பழைய கேம் பெட்டியைக் கொண்டுவந்தார்.

அந்தக் கண்ட்ரோலருக்கு வயர் கிடையாது. அதனால்தான் அது எங்கள் வீட்டுக்குப் பொருந்தியது. எங்கள் வீட்டில் இருந்த ஒரே பிளக் இஸ்தோப்பில். டிவியும் அங்கேதான். அண்ணனின் கட்டில் உள்ளறையின் கடைசிச் சுவரோரம். கட்டிலைப் போட்ட பிறகு மிஞ்சிய இடத்தில் ஒரு ஆள் நின்று அவரைப் புரட்டிப் படுக்க வைக்கலாம், அவ்வளவே. அந்த இடத்தில் டிவியை வைத்தால் அவரைப் புரட்ட முடியாது. கதவைத் திறந்து வைத்தால் கட்டிலிலிருந்து டிவி நேராகத் தெரியும். வயர் உள்ளதை வாங்கினால் அது கட்டில் வரைக்கும் எட்டாது, எட்டினாலும் அம்மாவின் காலைத் தட்டிவிடும். ஆகவே அந்தச் சாம்பல் நிறக் கண்ட்ரோலரும், கேம் பெட்டியில் செருகும் தீப்பெட்டி அளவு ரிசீவரும் இல்லாமல் அண்ணனுக்குப் பகல் கிடையாது.

அண்ணன் மற்றவர்களைப் போல விளையாட மாட்டார். காரோட்டும் விளையாட்டுத்தான் போடுவார், ஆனால் பந்தயத்துக்குப் போக மாட்டார். அந்தப் பட்டணத்து வீதிகளில் மெதுவாக ஓட்டிப் போவார். சிவப்பு விளக்கு விழுந்தால் நிற்பார். யாருக்காகண்ணே நிக்கிறீங்க என்று கேட்டால், "நமக்கு என்னடா அவசரம்" என்பார். அவர் இப்படிச் சுற்றிக்கொண்டிருந்த நாட்களில் அம்மா நிம்மதியாகக் கொழுந்தெடுக்கப் போனார், நான் தலவாக்கலையில் ஒரு போன் கடையில் வேலை பார்த்தேன். மத்தியானம் அம்மா வந்து அவரைப் புரட்டிவிட்டுப் போவார். பழைய பெட்டி படுத்துவிட்டதும் எல்லாமே படுத்துவிட்டது. அண்ணன் கூரைத் தகரத்தைப் பார்த்துக்கொண்டு கிடந்தார். அம்மா மலைக்குப் போனதும் வாய்விட்டு அழுகிறார் என்று பக்கத்து வீட்டு அக்கா வந்து சொன்னார். நான் வேலையை விட்டுவிட்டு வீட்டில் உட்கார்ந்தேன். ஐந்து நிமிடத்துக்கு ஒரு தரம் "தம்பி" என்று கூப்பிடுவார். போனால் ஒன்றும் இருக்காது. "இருக்கியான்னு பாத்தேன்" என்பார். எனக்கு இருபத்திரண்டு வயது. மூன்று மாதத்தில் அந்தத் 'தம்பி'யைக் கேட்டாலே பல்லைக் கடிக்க ஆரம்பித்துவிட்டேன்.

இந்த நேரத்தில்தான் கொழும்பிலிருந்து கூட்டாளி ஒருவன் அழைத்தான். பெரிய போன் கடை, தங்க இடம், திங்கட்கிழமை காலையில் வந்து நிற்க வேண்டும். அண்ணியின் பெட்டி வந்தது அதற்கு முந்தின புதன்கிழமை. கேம் ஓடினால் அண்ணனுக்குப் பகல் திரும்பக் கிடைக்கும், எனக்குக் கொழும்பு கிடைக்கும். அண்ணனுக்காகத்தான் பாடுபட்டேன் என்று வெகுகாலம் எல்லோரிடமும் சொல்லியிருக்கிறேன். பொய். நான் எனக்காகத்தான் பாடுபட்டேன், அது அண்ணனுக்கும் தெரியும்.

பழைய ரிசீவரைச் செருகும் வாய் புதிய பெட்டியில் இல்லை. வியாழக்கிழமை ஹட்டனுக்குப் போய்க் கடை கடையாக ஏறி இறங்கி, ஒரு பக்கம் பழைய வாயும் மறுபக்கம் யூஎஸ்பி முனையுமாக இருந்த ஒரு குட்டி வயரைப் பிடித்தேன். கடைக்காரர் ஒரு விஷயத்தைச் சொல்லித்தான் கொடுத்தார். புதிய கண்ட்ரோலர்களில் நடுவே ஒரு பொத்தான் இருக்குமாம், விளையாட்டை விட்டு வெளியே வர அதைத்தான் அமுக்க வேண்டுமாம். பழையதில் அது கிடையாது. உள்ளே போகலாம், வெளியே வர யாராவது பெட்டியை அணைக்க வேண்டும். இதை அண்ணனிடம் சொன்னேன். "உள்ள போனா வர முடியாதா? அது நமக்குப் பழக்கந்தானேடா" என்று சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

வயரைச் செருகியதும் ரிசீவரில் பச்சை விளக்கு மினுக்கியது. கண்ட்ரோலரிலும் மினுக்கியது. இரண்டும் ஒன்றையொன்று கண்டுபிடித்தால் மினுக்குவது நின்று விளக்கு நிலையாக எரியும். அது நடக்கவே இல்லை. கண்ட்ரோலரில் இருந்த சின்னப் பொத்தானை அமுக்கினேன், விட்டேன், பிடித்துக்கொண்டே இருந்தேன். பேட்டரி மாற்றினேன். கட்டிலுக்குப் பக்கத்திலிருந்து, இஸ்தோப்பிலிருந்து, வெளியே வாசலிலிருந்துகூட முயன்றேன். ரிசீவரைத் துணியால் துடைக்கப் போனபோது அம்மா கையைப் பிடித்தார். "பொட்ட அழிக்காத. ஆயுத பூசைக்கு வச்சது, அடுத்த பூசை வரைக்கும் இருக்கணும்" என்றார். எங்கள் வீட்டில் ஆயுத பூசை என்றால் தேயிலைச் செடி வெட்டும் கவ்வாத்துக் கத்தி, அம்மி, இஸ்திரிப் பெட்டி, டிவி எதையும் விடமாட்டார்கள். எல்லாவற்றுக்கும் சந்தனமும் குங்குமமும். ரிசீவரின் முகத்திலும் நடுவாக ஒரு பெரிய பொட்டு, வருடா வருடம் அதே இடத்தில் அப்பியது. சரி என்று ஓரங்களை மட்டும் துடைத்து வைத்தேன். அண்ணன் கட்டிலிலிருந்து பார்த்துக்கொண்டே இருந்தார்.

வெள்ளி, சனி இரண்டு நாளும் அதே பாடு. பச்சை விளக்கு மினுக்கிக்கொண்டே இருந்தது. அண்ணன், "விடுடா, அது சேராது போல" என்பார். ஞாயிறு மத்தியானம் நான் தோற்றேன். இஸ்தோப்பில் நின்று கூட்டாளிக்குப் போன் எடுத்தேன். "வர முடியாது மச்சான், அண்ணன விட்டுட்டு வர முடியல" என்றேன். அவன், "அப்ப வேற பொடியன அனுப்புறேன், கோவிச்சுக்காத" என்றான். போனை வைத்துவிட்டு வாசலைப் பார்த்தபடி நின்றேன். கீழே வட்டகொடை ஸ்டேஷனை விட்டு ரயில் புறப்படும் சத்தம் கேட்டது. கண்ணில் தண்ணீர் வந்தது, துடைக்கவில்லை.

உள்ளிருந்து "தம்பி" என்றார் அண்ணன். நான் அசையவில்லை. இன்னொரு தரம் கூப்பிட்டார். பிறகு, நான் வராவிட்டாலும் பரவாயில்லை என்பது போல அங்கிருந்தே சொன்னார்: "பொட்டுக்கு அடியில ஒரு பட்டன் இருக்குடா. ரெண்டையும் ஒண்ணா அமுக்கணும். ஒங்கண்ணி அப்படித்தான் செஞ்சா."

ஊக்கை எடுத்துக் குத்தினேன். காய்ந்து இறுகிய சந்தனம் தூள் தூளாக உதிர்ந்தது. நான்கைந்து வருடத்துப் பூசை அதில் இருந்திருக்கும். வட்டப் பள்ளத்துக்குள் ஒரு பொத்தான் அசையாமல் மாட்டிக்கொண்டிருந்தது. முதன்முதலில் அண்ணி அதை அமுக்கிச் சேர்த்து வைத்தபோது நான் பள்ளிக்கூடத்தில் இருந்தேன், பிறகு அதை அமுக்க வேண்டிய தேவையே வரவில்லை. பள்ளம் வட்டமாக, நடுவாக இருந்ததால் அம்மாவுக்கு அது நெற்றி மாதிரித் தெரிந்திருக்கிறது. இரண்டு பொத்தானையும் ஒன்றாக அமுக்கினேன். மினுக்குவது நின்றது. இரண்டு பச்சை விளக்கும் அப்படியே எரிந்தன.

"ஏண்ணே மொதல்லயே சொல்லல?" என்றேன். என் குரல் எனக்கே பிடிக்கவில்லை. அண்ணன் கூரையைப் பார்த்துக்கொண்டு, "சொல்லியிருந்தா நீ போயிருப்பேல்ல" என்றார். கூட்டாளிக்கு மறுபடி எடுத்தேன். அந்த இடத்துக்கு ஆள் சொல்லியாகிவிட்டது.

அதற்குப் பிறகு நான் அவருக்குச் செய்ய வேண்டியதையெல்லாம் செய்தேன், பேச்சை மட்டும் நிறுத்திவிட்டேன். புரட்டினேன், துடைத்தேன், சாப்பாட்டுத் தட்டைக் கையில் கொடுத்தேன். அவர் பட்டணத்து வீதிகளில் கார் ஓட்டினார். சிவப்பு விளக்கில் நின்றார். ஒவ்வொரு தடவை அந்தக் கார் நிற்கும்போதும் எனக்கு வயிறு எரிந்தது. எழுந்து நடக்க முடியாத மனிதன்மேல் எனக்கு அவ்வளவு கோபம் இருந்தது என்று எழுத வெட்கமாகத்தான் இருக்கிறது, ஆனால் இருந்தது.

இரண்டு வாரம் கழித்து ஒரு காலையில், அவர் தூங்கும்போது கண்ட்ரோலரின் முதுகைத் திறந்து இரண்டு பேட்டரியையும் எடுத்துச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டேன். மூடியைப் பழையபடி மாட்டி அவர் கைக்கெட்டும் இடத்திலேயே வைத்தேன். அம்மா வழக்கம் போல டிவியையும் கேம் பெட்டியையும் போட்டுவிட்டு, தோட்டத்தில் காலையில் பெயர் கொடுக்கும் பெரட்டுக்குப் போனார். நான் தலவாக்கலைக்கு பஸ் ஏறினேன். அங்கே எனக்கு ஒரு வேலையும் இல்லை. பழைய கடை வாசலில் நின்றேன், டீ குடித்தேன், பஸ் நிலையத்தில் உட்கார்ந்திருந்தேன். பையிலிருந்த பேட்டரிகளை அடிக்கடி தொட்டுப் பார்த்தேன். கிடக்கட்டும், ஒரு நாள் முழுக்கக் கிடக்கட்டும் என்று நினைத்தேன். மாலையாக ஆக அந்த நினைப்பு கசந்தது. கடைசியில் பஸ்ஸுக்குள் நின்றபடியே, சீக்கிரம் போகாதா என்று தவித்தேன்.

வீட்டுக்கு வந்தபோது டிவி அணைந்திருந்தது. அம்மா அடுப்படியில் இருந்தபடி, "இன்னிக்கு இவன் வெளயாடவே இல்ல. கண்ணு வலிக்குதாம், மத்தியானம் வந்து நாந்தான் நிப்பாட்டினேன்" என்றார். நான் அண்ணனைப் பார்த்தேன். "ஆமாடா, கண்ணு வலிக்குது" என்றார் அவர். அம்மா தண்ணீருக்குப் போன நேரம் பேட்டரிகளைத் திரும்பப் போட்டேன். அவர் சுவர்ப்பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டார். காலை ஏழு மணியிலிருந்து மத்தியானம் வரை அந்தத் திரையில் விளையாட்டுகளின் பெயர்ப் பட்டியல் மட்டும் அசையாமல் நின்றிருக்கும். அதைப் பார்த்துக்கொண்டு அவர் கிடந்திருப்பார். மறுநாளிலிருந்து நான் பேச ஆரம்பித்தேன், ஆனால் பேட்டரியைப் பற்றி மட்டும் பேசவில்லை.

அண்ணி அந்த இரண்டு வருடத்தை முடித்துக்கொண்டு வந்து, பிறகு போகவில்லை. எனக்கு ஹட்டனில் சின்னதாக ஒரு ரிப்பேர் கடை அமைந்தது. ஞாயிற்றுக்கிழமைகளில் லயத்துக்குப் போவேன், நாலரை மணி பஸ்ஸில் திரும்பிவிடுவேன். அம்மா போய்ச் சேர்ந்துவிட்டார். அண்ணனுக்குத் தலை நரைத்துவிட்டது, கைகளும் இப்போது மெலிந்துவிட்டன, பெரிய போனில் செய்தி பார்ப்பதோடு சரி. பேட்டரி விஷயத்தை ஒவ்வொரு ஞாயிறும் சொல்ல நினைத்து, மரக்கறி விலையையும் மழையையும் பேசிவிட்டு வருவேன். போன மாதம்தான் சொன்னேன். அண்ணி கோயிலுக்குப் போயிருந்தார். அண்ணனைப் புரட்டிவிட்டு, முகத்தைப் பார்க்காமல், "அண்ணே, அன்னிக்கு பேட்டரிய நாந்தான் கழட்டிக்கிட்டுப் போனேன்" என்றேன்.

"தெரியும்டா. நான் முழிச்சுக்கிட்டுத்தான் கெடந்தேன்" என்றார் அண்ணன். கோபமே இல்லை. "மத்த நாளெல்லாம் நீ பஸ் ஏறுனா, இவன் இனி வருவானான்னு பயந்துக்கிட்டே கெடப்பேன். அன்னிக்கு மட்டும் பயமே இல்ல. எடுத்துக்கிட்டுப் போனவன், திரும்பப் போடத்தானே வருவான்."

அன்று நாலரை மணி பஸ்ஸுக்கு நான் போகவில்லை.