கேட் மாறிய மனிதர்

என் கணவர் சுரங்கத்தில் ஷிப்ட் வேலை பார்ப்பவர். ஒரு நாள் பக்கத்துத் தெரு குவார்ட்டர்ஸுக்குள் நுழைந்து, செருப்பைக் கழற்றிவிட்டு, காபி கேட்டிருக்கிறார்.

“எல்லா வூடும் ஒரே அச்சுக்கா. எங்க வூட்டுக்காரரும் இப்படித்தான் மாறிப் போவாரு” என்று சிரித்தபடி அவரைக் கூட்டி வந்தாள் அந்த வீட்டுப் பெண். நானும் சிரித்தேன். அந்தச் சிரிப்பை நினைத்தால் இன்றும் என்மேல் ஆத்திரம் பொங்குகிறது.

மறுபடி மறுபடி மாறிப் போனார். “குடிச்சுட்டு வரீங்களா?” என்று கத்தினேன். “சத்தியமா இல்லடி” என்றார். ஒரு காலையில் எங்கள் மகளைப் பார்த்து, “இது யாரு வூட்டுப் பொண்ணு?” என்றார்.

ரத்தத்தில் பி12 மிகக் குறைவு என்றார் மருத்துவர். ஷிப்ட் சாப்பாட்டில் வயிறு எரிகிறதென்று, டாக்டர் சீட்டில்லாமல் வாங்கிப் பல வருடம் தினமும் விழுங்கிய கேஸ் மாத்திரை, அந்தச் சத்தை உடம்பில் சேரவிடவில்லையாம்.

“எத்தினி வருஷமா போடுறாருன்னு ஒருத்தரும் கேக்கலியாம்மா?” என்று கேட்டார் மருத்துவர்.

மருந்துக்கடைக்காரர் கேட்கவில்லை. தினமும் தண்ணீரோடு அதை நீட்டிய நானும் கேட்கவில்லை.

ஊசி போட்டுப் போட்டு ஓரளவு மீண்டுவிட்டார். மகள் பெயர் இப்போது தடுமாறாமல் வருகிறது.

போன வாரம் ஒரு பெரியவர் எங்கள் கேட்டைத் தன் வீடென்று திறந்தார். பின்னாலேயே அவர் மனைவி சிரித்தபடி வந்தார்.

“சிரிக்காதீங்கக்கா. உள்ள வாங்க. என்ன மாத்திரை போடுறாரு, முதல்ல சொல்லுங்க” என்றேன்.