நாலாவது கசற்

போன கிழமை என் மகன், கைபேசியில் இடம் போதவில்லையென்று, என் அம்மாவின் குரல் செய்திகளை அழித்துவிட்டான். அம்மா இறந்து எட்டு மாதம். "வேற இடத்திலயும் இருக்குமெண்டு நினைச்சன்" என்றான். நான் போட்ட சத்தத்தில் இன்னும் என் முகம் பார்ப்பதில்லை. அப்போதுதான் வெளிநாட்டில் சின்ன வயதில் நாங்கள் குடியிருந்த நோபல் பார்க் வீடு நினைவுக்கு வந்தது.

எழுபதுகளின் கடைசி, எனக்கு எட்டு வயது. பப்புவா நியூகினியிலிருந்து மொழியியல் படிக்க வந்த ஒருவர் எங்கள் பின்னறையில் வாடகைக்கு இருந்தார். அங்கிள் என்று கூப்பிடுவேன். அவருடைய மலைப்பக்கத்தில் நாலு ஊர், நாலு பாஷை. ஊரவர் பேச்சைப் பதிந்த ஒலிநாடாக்கள், ஊருக்கொன்றாக நாலு கசற் வைத்திருந்தார். 'தண்ணீர்' என்ற ஒரே சொல்லை நாலிலும் போட்டுக் காட்டுவார். நாலும் வேறு, ஆனாலும் கூடப்பிறந்தவர்களின் மூக்கைப் போல ஒரே சாயல். இவை சகோதரிகள், இவற்றைப் பெற்ற தாய்மொழியைப் பேசியவர் எவரும் இன்றில்லை, பிள்ளைகளைச் சேர்த்து நிறுத்தினால் தாயின் முகம் தெரியும் என்பார். எவரும் கேட்டிராத ஒரு தாய் அந்தச் சின்னப் பெட்டிகளுக்குள் இருக்கிறாள் என்று எனக்கு உடம்பு சிலிர்க்கும்.

அந்த நாளில் யாழ்ப்பாணத்துக்குக் கடிதத்தோடு கசற்றிலும் பேசி அனுப்புவோம். ஊருக்குப் போகிறவர் அன்று மாலை வருவதாக இருந்தார். வெற்றுக் கசற் இல்லை. அங்கிளின் மேசையில் இருந்த நாலாவது கசற்றை எடுத்து, பெரியம்மாவுக்காகத் தேவாரங்களை வரிசையாகப் பாடி வைத்தேன்.

உறையிலிடுமுன் அப்பா போட்டுப் பார்த்தார். என் பாட்டு நின்றதும், வயதான பெண்ணொருத்தியின் குரல் பாதிச் சொல்லில் தொடங்கியது.

"என்னடி செய்து போட்டாய்! அந்த மனுசன்ர படிப்பெல்லோ!" அம்மா தலையில் கைவைத்தாள்.

அங்கிள் வந்து நிலத்தில் குந்திக் கேட்டார். மிஞ்சியவை பதினொரு சொற்கள். அப்பா தடுமாறி, அந்தப் பாஷை பேச வேறு ஆட்கள் உண்டா என்று விசாரித்தார். ஊரே பேசுகிறது, திரும்பப் பதியலாம் என்றார் அங்கிள். பிறகு என் தலையைத் தடவி, "நீ பாடி முடிக்கும்வரை அவள் காத்திருந்திருக்கிறாள்" என்று ஆங்கிலத்தில் சொன்னார்.

அது அவருடைய தாயின் குரல். அந்த வருடம்தான் அந்தத் தாய் இறந்திருந்தார். எனக்குக் கல்யாணமான பிறகுதான் அம்மா இதைச் சொன்னாள்.

அன்றிலிருந்து பின்னேரங்களில் பின்னறையில் அந்தக் கசற் ஓடும், என் தேவாரத்திலிருந்து கடைசிச் சொல் வரை. என் பாட்டு அங்கிளுக்கு அவ்வளவு பிடித்துவிட்டது என்று பள்ளிக்கூடத்தில் எல்லாரிடமும் சொல்லித் திரிந்தேன்.