மசாலாக்காரிக்கு முருகன் தந்த குரல்

அறுவை சிகிச்சை முடிந்து கண் விழித்ததும் "தண்ணி" என்று கேட்டேன். என் காதுக்கே கேட்கவில்லை. பக்கத்தில் இருந்த என் வீட்டுக்காரர் குனிந்து பார்த்து, "உதடு அசையுது, சத்தம் வரலியேம்மா" என்றார்.

கழுத்தில் இருந்த கட்டியை எடுத்தபோது குரல் நரம்பு சோர்ந்துவிட்டதாம். டாக்டரம்மா ஒளிக்காமல் சொன்னார்: "கட்டியால பயமில்ல. குரல் வரலாம், வராமலும் போகலாம். இப்ப என்னால சொல்ல முடியாது."

மற்றவர்களுக்கு எப்படியோ, எனக்கு உயிரே போன மாதிரி இருந்தது. நான் பேசியே பிழைத்தவள்.

புதுக்கோட்டைப் பக்கத்திலிருந்து கல்யாணமாகி மலேசியாவில் இருக்கும் கிள்ளானுக்கு வந்தேன். பெரிய படிப்பில்லை. வீட்டுக்காரர் லோரி ஓட்டினார். நான் பாசாரில், அதாவது ஊர்ச் சந்தையில், மசாலா விற்றேன். மிளகாய், மல்லி, மஞ்சள், சீரகம் எல்லாவற்றையும் ஈரமாக அரைத்துத் தட்டுத் தட்டாக வைத்திருப்போம். வருகிறவரிடம் "கோழியா, மீனா? எத்தனை பேருக்கு? தேங்காய்ப்பால் ஊத்துவீங்களா?" என்று கேட்டு, அவரவர் வீட்டுக் குழம்புக்குத் தக்கபடி கரண்டியால் அள்ளிக் கலந்து கட்டித் தர வேண்டும். குழம்பைப் பற்றிக் கேட்டால் வீட்டுக் கதையும் கூடவே வரும். அப்படிப் பேசிப் பேசித்தான் மலாய் கற்றேன், சீனர்கள் பேசும் ஹொக்கியன் கற்றேன், ஆங்கிலமும் கற்றேன். தட்டு கடையானது. பக்கத்து ஊரான பந்திங்கில் மசாலா ஆலை வந்தது. குடியுரிமையும் கிடைத்தது. என் மசாலாத்தூள் கப்பலேறி ஆப்பிரிக்காவில் ஒரு நாடுவரை போனது. அந்த நாட்டுக்கு நம் வணிகர்களைப் பல வருடம் கூட்டிப்போய், இரண்டு பக்கத்துக்கும் நடுவில் உட்கார்ந்து பேசினேன். கடைசியில் அரசாங்கம் என்னையே அங்கே மலேசியத் தூதராக அனுப்ப முடிவு செய்தது.

"மசாலாக்காரி அம்பாசடர் ஆயிட்டா! இனி நமக்கெல்லாம் விசா ஃப்ரீ லா!" என்று பாசாரில் மீன் விற்கும் அண்ணன் ஊரையே கூட்டிவிட்டார்.

அந்தச் சந்தோஷம் ஆறுவதற்குள் கட்டி வந்தது. குரல் போனது.

பூஜை அறையில் நின்றால் தினமும் பாடும் பாட்டு தொண்டையைத் தாண்டாது. "முருகா, உன்னைக் கூப்பிடக்கூட விடமாட்டியா?" என்று அழுதேன். அழுகைக்கும் சத்தமில்லை.

மாமன்னரின் அரண்மனையில் தூதருக்கான நியமனப் பத்திரம் வாங்கும் நாள் தைப்பூசத்துக்குப் பிறகு என்று சேதி வந்தது. அதற்குள் குரல் வராவிட்டால் நானே விலகிக்கொள்கிறேன் என்று எழுதித் தெரிவித்தேன். பேச்சில்லாமலும் அந்த வேலையைச் செய்யக்கூடியவர்கள் இருக்கலாம். எனக்கிருந்த ஒரே படிப்பு பேச்சுதான்.

வருடா வருடம் பத்துமலையில் பால்குடம் எடுப்பேன். கூட வரும் பெண்கள் சிலர் நாக்கில் சின்ன வேல் குத்தி வாய்ப்பூட்டு போட்டுக்கொள்வார்கள். பாலைச் செலுத்தும்வரை ஒரு சொல் பேசக் கூடாது. நான் மட்டும் போட்டதே இல்லை. "அண்ணிக்குப் பூட்டு போட்டா வேலே வளைஞ்சிடும்" என்பாள் கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் பூக்கடை வைத்திருக்கும் என் நாத்தனார் மல்லிகா.

விரதம் தொடங்கும் முன் அவள்தான் கேட்டாள். "குரல் வந்தா என்ன செய்யறதா வேண்டிக்கப் போறீங்க அண்ணி?"

பேரம் எதுவும் பேசவில்லை, இந்த வருடம் வாய்ப்பூட்டு போடப் போகிறேன் என்று கைப்பேசியில் எழுதிக் காட்டினேன்.

"ஐயோ, ஏற்கெனவே பூட்டித்தானே கிடக்கு!"

இருவரும் சிரித்தோம். ஆனால் எனக்குள் ஒன்று தெளிவாகியிருந்தது. குரலை நோய் பிடுங்கிக்கொண்டது. மிச்சமிருந்த மௌனத்தையாவது நானே மனதார முருகனிடம் கொடுக்க நினைத்தேன். டாக்டரம்மாவிடம் அனுமதி கேட்டபோது, "கழுத்துப் பக்கம் போகாதீங்க. நாக்கு உங்க முருகன் பாடு" என்றார்.

விரத நாள்களில் பாசார் கடையில் போய் உட்கார்ந்திருந்தேன். குறுக்கே பேச முடியாததால் எல்லார் கதையையும் முதல்முறையாக முழுசாகக் கேட்டேன். பழைய வாடிக்கையாளர் ரொக்கியா அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டு மலாயில் சொன்னார்: "நீ உன் சாமிகிட்ட கேளு. நான் என் தொழுகையில கேக்கிறேன்."

தைப்பூசத்தன்று நாக்கில் வேல், தலையில் பால்குடம். படியேறும்போது எதையும் கேட்கவில்லை. 'இந்தா, வாங்கிக்கோ' என்று மட்டும் மனம் சொல்லிக்கொண்டே வந்தது.

குகையில் பாலைச் செலுத்தினேன். அங்கிருந்த ஒரு அண்ணன் என் நாக்கிலிருந்த வேலை உருவித் திருநீறு வைத்தார். பின்னால் யாரோ "வெற்றி வேல்!" என்று முழங்கினார்கள். பழக்கத்தில் என் வாயும் திறந்தது. "வீர வேல்!" என்று ஒரு பெண் கரகரவென்று கத்தினாள். யாரென்று திரும்பிப் பார்த்தேன்.

மல்லிகா என் தோளைப் பிடித்து உலுக்கினாள். "அண்ணி, நீங்கதான்! நீங்கதான் லா!"

அங்கேயே உட்கார்ந்துவிட்டேன். கீழே செருப்புகளைப் பார்த்துக்கொண்டிருந்த வீட்டுக்காரருக்குப் போன் போட்டு, "என்னங்க" என்றேன்.

"யாரு பேசறது?"

"உங்க பொண்டாட்டி."

கொஞ்ச நேரம் விம்மல்தான் கேட்டது. பிறகு சொன்னார்: "போச்சு. இனிமே எனக்கு வாய் திறக்க வாய்ப்பே இல்ல."

டாக்டரம்மா பரிசோதித்துவிட்டு, "நரம்பு முழிச்சிக்கிச்சு. சில சமயம் தானா முழிக்கும்" என்றார். இருக்கட்டும். எழுப்பியவன் யாரென்று எனக்குத் தெரியும்.

அரண்மனையில் நியமனப் பத்திரம் வாங்கினேன். கடல் தாண்டிப் போய் அந்த நாட்டு அதிபரின் முன் நின்று, பாசாரில் கற்ற ஆங்கிலத்தில் தடங்கலில்லாமல் பேசினேன். இன்று என் அலுவலகத்துக்கு யார் எந்தக் குறையோடு வந்தாலும் அவர்கள் முடிக்கும்வரை நான் வாய் திறப்பதில்லை. முன்பெல்லாம் பாதியிலேயே பதில் சொல்லிவிடுவேன். அந்த விரதம் என்னை மாற்றிவிட்டது.

என் குரலில் இன்னும் கொஞ்சம் கரகரப்பு உண்டு. அது போக வேண்டும் என்று நான் வேண்டவில்லை. பேச ஆரம்பிக்கும்போதெல்லாம் இந்தக் குரல் முருகன் தந்தது என்று அது ஞாபகப்படுத்துகிறது.

அன்பர்களே, கஷ்டத்தில் வேண்டிக்கொள்ள வார்த்தை வரவில்லை என்று நிறுத்திவிடாதீர்கள். சத்தமே இல்லாமல் போய் நின்றவள் நான். அவன் காதுக்கு அதுவும் கேட்டது. நீங்களும் போய் நில்லுங்கள்.