புகைக்குள் நடந்து போனவர்

ரோட்டோருவா ஊருக்குள் பஸ் நுழையும்போதே நாற்றம் வந்துவிட்டது. அழுகின முட்டை மாதிரி இருக்கு என்றாள் மகள். எனக்கு எங்கள் ஊர் ரப்பர் ஆலைக்குப் பின்னால் நாள்கணக்கில் குவிந்து கிடக்கும் கட்டிப்பால்தான் ஞாபகத்துக்கு வந்தது. என் வீட்டுக்காரர் மூக்கைச் சுருக்கிக்கொண்டு, "ஆசிட் டின் எதுவும் கவிழ்ந்துடுச்சா?" என்று சத்தமாகக் கேட்டார். முன் சீட்டுக்காரி திரும்பிப் பார்த்தாள். நான் அவர் கையை இன்னும் இறுக்கிப் பிடித்துக்கொண்டேன்.

நியூசிலாந்துக்கு வந்ததிலிருந்து எனக்கு அதுதான் வேலை. மற்றவர்கள் மலையைப் பார்த்தார்கள், ஆட்டு மந்தையைப் பார்த்தார்கள். நான் அவர் கையைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

மலேசியாவில், புக்கிட் பெலண்டோக் பக்கம், எண்ணெய் எடுக்கிற செம்பனைத் தோட்டம் ஒன்றில் பழம் வெட்டிக்கொண்டிருந்தவர் அவர். ஒரு நாள் காலையில் காய்ந்த மட்டை ஒன்று அவர் தலையில் விழுந்தது. தொப்பி போட்டிருந்தும் மயங்கிச் சாய்ந்துவிட்டார். சிரம்பான் ஆஸ்பத்திரியில் ஆளைப் பிழைக்க வைத்துக் கொடுத்தார்கள். பார்க்க ஒரு குறையும் தெரியாது. நன்றாகச் சாப்பிடுவார். பக்கத்து டவுன் லுக்குட் கடையில் எந்த மீன் நேற்று வந்தது, எது இன்றைக்கு வந்தது என்று எனக்கு முன்னால் சொல்லிவிடுவார். ஆனால் திடீரென்று, ஒரு விளக்கை அணைத்த மாதிரி, தான் எங்கே இருக்கிறோம் என்பது அவருக்குத் தெரியாமல் போய்விடும். அந்த நேரத்தில் யாராவது பின்னாலிருந்து தொட்டால் கையை ஓங்கிவிடுவார்.

மகள் நியூசிலாந்தில், ஹாமில்டன் நகரத்தில் ஒரு பல் மருத்துவரிடம் வேலை செய்கிறாள். எங்களுக்கு ஒரே பிள்ளை. போனில் அப்பாவோடு தினமும் பேசுவாள், அவரும் அந்த ரெண்டு நிமிஷம் நன்றாகத்தான் பேசுவார். "அப்பாவுக்கு ஒண்ணும் இல்லைம்மா, நீங்கதான் ரொம்பப் பயப்படுறீங்க" என்று சொல்லிக்கொண்டே இருந்தாள். நாங்கள் அவள் வீட்டுக்கு வந்து ஒரு வாரம் நல்லபடியாகப் போனதும் இந்தச் சுற்றுலாவுக்குப் பணம் கட்டிவிட்டாள்.

"ஒரே நாள்தான்மா. காலையில ஏரியில படகு. அப்புறம் மாவோரி ஆளுங்களோட ஆட்டம் பாட்டு. கடைசியில கொதிக்கிற மண்ணு. அப்பாவுக்கு ஜாலியா இருக்கும்லா."

கொதிக்கிற மண்ணில் என்ன ஜாலி இருக்கிறது என்று நினைத்தேன். அவள் முகத்தைப் பார்த்துவிட்டுச் சரி என்றேன்.

படகு பெரிசு, ரெண்டு மாடி. கறுப்பு அன்னங்கள் பக்கத்திலேயே நீந்தி வந்தன. எனக்குத் தண்ணீர் என்றாலே ஆகாது. எங்கள் தோட்டத்துக்கு அந்தப் பக்கம் பழைய ஈயச் சுரங்கக் குட்டைகள் உண்டு, அடி தெரியாது. குளிக்கப் போன ஒருவனைத் தொழிலாளர் லயத்து ஆட்கள் பிணமாகத் தூக்கிக்கொண்டு வந்ததைச் சின்ன வயதில் பார்த்தவள் நான். நடு ஏரிக்கு வந்ததும் அவர் எழுந்துவிட்டார். காலையில் பசியாறும்போது எடுத்து வைத்திருந்த பன் துண்டு ஒன்று அவர் சட்டைப் பையில் இருந்திருக்கிறது. அதை எடுத்துக்கொண்டு கம்பிக்கு அந்தப் பக்கம் பாதி உடம்பைச் சாய்த்து, "பா பா பா" என்று கோழியைக் கூப்பிடுவது போல அன்னத்தைக் கூப்பிட ஆரம்பித்தார். நான் அவர் இடுப்பு பெல்ட்டை ரெண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நின்றேன். மகள் போட்டோ எடுத்தாள். அந்தப் படத்தில் அவர் சிரிக்கிறார். எனக்கு வாய் திறந்திருக்கிறது.

கரைக்கு வந்ததும் மாவோரி மக்களின் இடத்துக்குக் கூட்டிப்போனார்கள். அங்கே எங்களுக்கு வழிகாட்டியாக வந்தவள் என் வயதுப் பெண். முகவாயில் பச்சை குத்தியிருந்தாள். அவள் சொன்னதை மகள் எனக்குத் தமிழில் சொன்னாள். வந்திருப்பவர்களில் ஓர் ஆண் எங்களுக்கெல்லாம் தலைவராக முன்னால் நிற்க வேண்டும். ஒரு வீரன் ஈட்டி மாதிரி ஒரு தடியோடு வருவான், கண்ணை உருட்டுவான், நாக்கை நீட்டுவான், பிறகு ஓர் இலையைத் தரையில் வைப்பான். தலைவர் அவன் கண்ணைப் பார்த்தபடியே அந்த இலையை எடுக்க வேண்டும். எடுத்தால் சமாதானமாக வந்திருக்கிறோம் என்று அர்த்தம். சிரிக்கக் கூடாது. முதுகைக் காட்டக் கூடாது.

"யாரு நிக்கிறது?" என்று நான் கேட்டு முடிப்பதற்குள் எல்லாரும் என் வீட்டுக்காரரைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். எங்கள் பஸ்ஸில் அவர்தான் மூத்தவர்.

"வேணாம்டி" என்றேன் மகளிடம். "அவன் தடியைச் சுழட்டினா இவரு என்ன செய்வாருன்னு எனக்குத் தெரியாது."

அவர் அதற்குள் சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு முன்னால் போய் நின்றுவிட்டார்.

அந்த இளைஞன் கத்திக்கொண்டு பாய்ந்து வந்தான். தடி அவர் முகத்துக்கு முன்னால் விர்ரென்று சுற்றியது. இப்போது கையை ஓங்கப் போகிறார், அவன் பதிலுக்கு அடிப்பான், ஊர் பேர் தெரியாத இடத்தில் நான் என்ன செய்வேன் என்றெல்லாம் மனசு ஓடியது. அவர் அசையவில்லை. மெதுவாகக் குனிந்து இலையை எடுத்தார். கண் அவனை விட்டு நகரவே இல்லை. பிறகு அங்கே நின்ற மாவோரிப் பெரியவர்கள் ஒவ்வொருவராக வந்து அவர் மூக்கோடு மூக்கும் நெற்றியோடு நெற்றியும் வைத்து வரவேற்றார்கள். திரும்பி வந்து என் காதில், "நல்ல மனுஷங்களா இருக்காங்க. யாரு, சம்பந்தி வீட்டு ஆளுங்களா?" என்று கேட்டார். மகள் விழுந்து விழுந்து சிரித்தாள். எனக்கும் சிரிப்பு வந்தது. அன்றைக்கு முதல் தடவையாக மூச்சு நன்றாக உள்ளே போனது.

மத்தியானத்துக்கு மேல் வெந்த நிலத்தைப் பார்க்கப் போனோம். பலகை அடித்த நடைபாதை, ரெண்டு பக்கமும் கயிறு. கயிற்றுக்கு அந்தப் பக்கம் மண் வெள்ளை வெள்ளையாகக் காய்ந்து கிடந்தது. அங்கங்கே ஓட்டைகளிலிருந்து ஆவி சீறிக்கொண்டு வந்தது. ஒரு குழியில் சாம்பல் நிறச் சேறு கஞ்சி போலக் கொப்பளித்தது. "பலகையை விட்டு இறங்காதீர்கள்" என்று அதே வழிகாட்டிப் பெண் திரும்பத் திரும்பச் சொன்னாள். மேலே இருப்பது அப்பளம் மாதிரி ஓர் ஓடு. கீழே கொதிக்கும் தண்ணீர்.

காற்று சட்டென்று திரும்பியது. ஆவி முழுக்க எங்கள் மேல் வந்து மூடியது. பக்கத்தில் நின்ற மகளே தெரியவில்லை. மூக்குக் கண்ணாடி பனி பிடித்துக் கண் இருட்டிவிட்டது. துடைப்பதற்காக அவர் கையை விட்டேன். துடைத்து மாட்டிக்கொண்டு திரும்பக் கையை நீட்டினேன். அங்கே கை இல்லை.

"ஏங்க" என்றேன். ஆவியின் சீறலில் அது எனக்கே கேட்கவில்லை. "ஏங்க! ஏங்க!" யாரோ ஒரு சீனக் கிழவர் என் மேல் மோதிவிட்டு மன்னிப்புக் கேட்டார். அப்போதுதான் என் வீட்டுக்காரர் பேரைச் சொல்லிக் கூப்பிட்டேன். கல்யாணமான நாளிலிருந்து அந்தப் பேரை நான் வாய்விட்டுச் சொன்னதில்லை. பதில் இல்லை.

ஆவி கொஞ்சம் விலகியது. மகள்தான் முதலில் பார்த்தாள். "அப்பா!" என்று அவள் அலறியதில் கூட்டமே அந்தப் பக்கம் திரும்பியது.

கயிற்றைத் தாண்டி, அந்த வெள்ளை மண்ணின் மேல் அவர் நடந்துபோய்க்கொண்டிருந்தார். கையில் இலையோடு முறித்த செடிக் கொப்பு ஒன்று. ஆவி வரும் ஒரு ஓட்டையை நோக்கி நேராகப் போனார். எனக்குப் புரிந்துவிட்டது. அவருக்கு அது புகை. தோட்டத்தில் காய்ந்த மட்டைக் குவியல் தீப்பிடித்திருக்கிறது, அடித்து அணைக்கப் போகிறார்.

மகள் கயிற்றைத் தாண்டப் போனாள். வழிகாட்டிப் பெண் அவள் இடுப்பைப் பிடித்து இழுத்தாள். "நீ போனால் ரெண்டு பேரும் போய்விடுவீர்கள். அவர் மிதித்த இடம் தாங்கியிருக்கிறது. அதே வழியில் அவரே வர வேண்டும். கூப்பிடுங்கள்."

மகள் கூப்பிட்டாள். அவர் திரும்பாமலே, இரு என்பது போலக் கையைக் காட்டினார். இன்னும் ஒரு அடி வைத்தார்.

செம்பனை மர நிரைகளுக்குள் ஆளை ஆள் பார்க்க முடியாது. அவர் வெட்ட, நான் பின்னாலேயே உதிரிப் பழம் பொறுக்கின காலத்தில் சாப்பாட்டு நேரத்துக்கு ஒரு கூப்பாடு உண்டு. நீளமாக இழுத்து, முடிவில் மேலே தூக்குவது. அது கேட்டால் எங்கே இருந்தாலும் வேலையைப் போட்டுவிட்டுச் சடக்குப் பாதைக்கு வர வேண்டும், மேற்பார்க்கும் மண்டோரும் தடுக்க மாட்டார். அது எப்படி அந்த நேரத்தில் என் வாயில் வந்தது என்று தெரியாது. "ஹோ...ய்!" என்று அடித்தொண்டையிலிருந்து கத்தினேன்.

அவர் நின்றார். "ஹோய்!" என்று பதில் வந்தது.

"சாப்பாட்டு நேரமாச்சு, வாங்க!"

"நெருப்பு பிடிச்சிருக்கு புள்ள. எப்படி வர்றது?"

"மண்டோரு அணைக்க ஆள் அனுப்பிட்டாரு. நீங்க வாங்க. வந்த அடியிலயே பார்த்து வாங்க, பாம்பு கிடக்கு!"

பாம்பு என்றதும் குனிந்து தரையைப் பார்த்தார். வெள்ளை மண்ணில் அவர் செருப்புத் தடம் தெரிந்தது. கொப்பால் முன்னால் தட்டித் தட்டி, ஒவ்வொரு தடமாக மிதித்து வந்தார். கயிற்றுக்குக் கிட்டே வந்துவிட்டார் என்று நினைத்தபோது அவர் குதிகால் பட்ட இடம் பொடிந்து உள்ளே போனது. புஸ்ஸென்று ஆவி கிளம்பியது. அவர் "ஆ" என்றார். அந்தப் பெண்ணும் பஸ் டிரைவரும் கயிற்றுக்கு மேலே கை நீட்டி அவரை அப்படியே தூக்கிப் பலகையில் போட்டார்கள். அப்படிச் சட்டென்று பிடித்தும் அவர் கையை ஓங்கவில்லை.

கணுக்காலில் தோல் சிவந்து வெந்திருந்தது. அந்தப் பெண் அவர் செருப்பைக் கழற்றி, குழாயடியில் உட்கார வைத்து, வெகுநேரம் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தாள். ஒரு வார்த்தை திட்டவில்லை. பிறகு எழுந்து என்னிடம் வந்து, தன் நெற்றியை என் நெற்றியில் வைத்தாள். "நான் பிறந்தது இந்த மண்ணில்தான். எனக்கே இன்னும் பயம்தான்" என்றாள். மகள் மொழிபெயர்க்காமலே அது எனக்குப் புரிந்தது.

திரும்பி வரும் பஸ்ஸில் அவர் தூங்கிவிட்டார். மகள் முன் சீட்டிலிருந்து திரும்பி அவர் காலைப் பார்த்தாள்.

"எப்பவுமே இப்படித்தானாம்மா?"

"எப்பவும் இல்லை. எப்ப வரும்னு தெரியாது. அதான்."

அவள் எழுந்து வந்து அவருடைய அந்தப் பக்கத்தில் உட்கார்ந்து மற்றக் கையைப் பிடித்துக்கொண்டாள். அதற்கப்புறம் என்னைப் பயந்தவள் என்று அவள் சொன்னதே இல்லை.

ஊருக்கு வந்ததும் கால் புண் ஆறிவிட்டது. லுக்குட் காப்பிக் கடையில் அவர், அந்த நாட்டில் நிலம் எரிகிறது, ஒருத்தனும் அணைக்க மாட்டேன் என்கிறான் என்று சொல்வார். எல்லாரும் சிரிப்பார்கள். எனக்குச் சிரிப்பு வருவதில்லை. சாயங்காலம் பக்கத்து வீட்டில் குப்பை கொளுத்தினால் கை வேலையைப் போட்டுவிட்டு முதலில் அவரைத் தேடுவேன்.

மகள் இப்போது காலையில் கூப்பிடும்போது நலமா என்று கேட்பதில்லை. "அப்பா எங்கம்மா?" என்றுதான் ஆரம்பிக்கிறாள். பக்கத்தில்தான் என்று சொல்வதற்கு முன்னால் ஒரு தடவை திரும்பிப் பார்த்துக்கொள்கிறேன்.