ஒனோரேயின் வலது முழங்கால்

என் அண்ணன் ஒனோரே மாடிப்படியில் பின்பக்கமாகத்தான் இறங்குவான். ஏணியில் இறங்குகிறவனைப் போலச் சுவரைப் பார்த்தபடி, கைப்பிடியாகக் கட்டிய கயிற்றை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு. இருபத்தைந்து வருடமாகப் பார்க்கிறேன். வீட்டுக்கு வந்திருப்பவர்கள் அந்த நேரத்தில் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வார்கள். அவன் வந்து உட்கார்ந்ததும், "நீ தலையால அடிச்ச அந்தக் கோலைப் பத்திச் சொல்லுப்பா" என்பார்கள். முழங்காலைப் பற்றி இதுவரை ஒருவரும் கேட்டதில்லை. அதனால் நான் எழுதுகிறேன்.

பிரான்ஸின் மில் நகரமான ரூபேயில் எங்கள் சந்தின் பன்னிரண்டு வீடுகளுக்கும் ஒரே தண்ணீர்ப் பம்பு. அந்தப் பம்புக்கும் கக்கூஸுக்கும் நடுவில்தான் ஒனோரே பந்தாடக் கற்றுக்கொண்டான். அப்போது கால்பந்து பணக்கார வீட்டுப் பிள்ளைகளின் விளையாட்டு. கம்பளி வியாபாரம் படிக்க இங்கிலாந்துக்குப் போனவர்கள் அங்கிருந்து கொண்டுவந்தது. எங்கள் மில் முதலாளியின் மகன் காஸ்தோன் தொடங்கிய குழுவில் பத்துப் பேர் டை கட்டியவர்கள். பதினோராவது ஆள் தறி ஓட்டிக்கொண்டிருந்த என் அண்ணன். உயரத்தில் வரும் பந்தை அவனைப் போல நெற்றியால் அடிக்க அந்தப் பத்துப் பேரில் யாருக்கும் வராது. பிரான்ஸுக்காக இரண்டு முறை ஆடினான். பிரஸ்ஸல்ஸுக்குப் போன ரயிலில் மற்றவர்கள் இரண்டாம் வகுப்பில் உட்கார்ந்தார்கள். இவன் மூன்றாம் வகுப்பில், எல்லாருடைய பைகளோடும். அதை அவன் சிரித்துக்கொண்டு சொன்னான். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

பெயர் வந்ததும் தறியிலிருந்து கிடங்குக்கு மாற்றினார்கள். வியாழக்கிழமை மதியம் பயிற்சிக்குப் போகலாம். பந்தாடும்வரைக்கும்தான் அந்த வேலை என்று யாரும் சொல்லவில்லை.

1908 ஏப்ரலில் கோப்பையின் கடைசி ஆட்டம். அதற்குப் பத்து நாள் முன்பு பயிற்சியில் அவன் வலது முழங்கால் பிசகி, ரொட்டி மாதிரி வீங்கியது. ஆறு வாரம் காலை ஊன்றக் கூடாது, இன்னொரு முறை பிசகினால் அப்புறம் மடங்காது என்றார் டாக்டர். வெந்நீர்ப் பாத்திரத்தோடு பக்கத்தில் நின்று கேட்டேன்.

சனிக்கிழமை சாயங்காலம் காஸ்தோன் எங்கள் வீட்டுக்கு வந்தார். அதற்கு முன் அவர் எங்கள் சந்துக்குள் கால் வைத்ததில்லை. தொப்பியைக்கூட எடுக்கவில்லை.

"ஒனோரே, நாளைக்கு நீ ஓட வேண்டாம். வலது ஓரத்துல நின்னா போதும்."

"டாக்டர் ஆறு வாரம்னு சொல்லியிருக்காருங்க, சின்ன முதலாளி."

"டாக்டர் எந்த டீம்ல ஆடுறாரு? நீ நிக்கிறதைப் பார்த்தா எதிர் டீம்காரங்க ஒருத்தனை உன் பக்கத்துல நிறுத்தி வைப்பாங்க. எங்களுக்கு அது போதும்."

ஆட்டத்தின் நடுவே ஆளை மாற்ற முடியாது. அதனால் அடிபட்டவனை ஓரத்தில் நிறுத்திவைப்பது எல்லாக் குழுக்களிலும் வழக்கம். ஆனால் அது மைதானத்தில் அடிபட்டவனுக்கு உள்ள வழக்கம். கட்டிலில் கிடந்தவனைத் தூக்கிக்கொண்டு போய் நிறுத்த யார் சொன்னது? இதை அன்றைக்கே கேட்டிருக்க வேண்டும். டை கட்டியவர் முன்னால் எனக்கு வாய் வராது. அவருடைய ஷூவைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

அவர் போன பிறகு வாய் வந்தது.

"டாக்டர் சொன்னது உன் காதுல விழலையா அண்ணே?"

"விழுந்துச்சு. அடுத்த மாசம் பெல்ஜியத்தோட ஆட ஆள் எடுக்கிறாங்க ஸெலி. நாளைக்கு நான் இல்லேன்னா மறந்துருவாங்க."

"மறக்கட்டுமே. காலாவது மிஞ்சும்ல."

"மிஞ்சின காலை வச்சு என்ன பண்றது? உன் பக்கத்துல உக்காந்து முடிச்சு எடுக்கவா?"

நான் பன்னிரண்டு வயதில் பள்ளிக்கூடத்தை விட்டு மில்லுக்குப் போனவள். நெய்து வரும் துணியில் முடிச்சுப் பொறுக்குவேன். அது பெண்கள் வேலை.

ஞாயிற்றுக்கிழமை காலையில் அவன் முகம் மழித்துக்கொண்டிருந்தபோது அவன் பூட்ஸை எடுத்து நிலக்கரிப் பெட்டிக்குள் புதைத்தேன். பூட்ஸ் இல்லாமல் ஆட முடியாது என்று நினைத்தேன். எங்களைப் போன்றவர்களுக்குத்தான் அப்படித் தோன்றும். காஸ்தோனிடம் இரண்டு ஜோடி இருந்தது. இரண்டாவதை இவனுக்குக் கொடுத்தார். பெரிய பூட்ஸ். முனையில் செய்தித்தாளைத் திணித்துக்கொண்டான்.

மைதானத்தைச் சுற்றிக் கட்டிய கயிற்றுக்கு இந்தப் பக்கம் நின்று பார்த்தேன். ஒரு மணி நேரம் ஓரத்தில் நின்றான். பிறகு ஒரு பந்து அவன் பக்கமாக உயர்ந்து வந்தது. நொண்டிக்கொண்டு போய்த் தாவி நெற்றியால் அடித்தான். கோல். கீழே வரும்போது பூட்ஸ் சேற்றில் நின்றுவிட்டது, உள்ளே கால் திரும்பியது. அவன் கத்தினான். சந்தோஷத்தில் கத்துகிறான் என்று ஏழு பேர் அவன் மேல் விழுந்தார்கள்.

வெளியே தூக்கி வரவில்லை. "இன்னும் இருபது நிமிஷம்தான், பிடிச்சிட்டு நில்லு" என்று காஸ்தோன் மூலைக் கொடிக் கம்பை அவன் கையில் கொடுத்ததை நான் பார்த்தேன். இருபது நிமிடமும் நின்றான். கோப்பையை வாங்கினார்கள்.

ஆஸ்பத்திரியில் பூட்ஸ் விஷயத்தை அவனிடம் சொன்னேன்.

"கரிப் பெட்டியிலயா? வீடு பூரா தேடினேன், அங்க மட்டும் பாக்கல" என்றான். பிறகு, "என் பூட்ஸா இருந்தாலும் தாவியிருப்பேன்" என்றான்.

எனக்காகச் சொன்னான். அந்தக் காலில் பாதிக் குற்றம் என்னுடையது, ஒப்புக்கொள்கிறேன். மீதிப் பாதியை இன்றுவரை யாரும் எடுத்துக்கொள்ளவில்லை.

ஒரு மாதத்தில் கிடங்கு வேலை புதிதாக வந்த ஆட்டக்காரனுக்குப் போனது. நான் அலுவலகத்துக்குப் போனேன். வாழ்க்கையில் அந்த ஒரு தடவைதான்.

"அண்ணனுக்கு உக்காந்து செய்யிற வேலை வேணும்."

"உக்காந்து செய்யிறதெல்லாம் பொம்பளைங்க வேலைம்மா" என்றார் காஸ்தோன்.

"அதையே குடுங்க."

முதல் நாள் எங்கள் கூடத்தின் நாற்பது பெண்களும் அவனைப் பார்த்தார்கள். "வாங்க சாம்பியன், முடிச்சையும் தலையாலதான் எடுப்பீங்களா?" என்றாள் மேசைத் தலைவி.

"எடுப்பேங்க. அப்புறம் உங்களுக்கு வேலை இருக்காதேன்னு பாக்குறேன்" என்றான். அதற்குப் பிறகு யாரும் சீண்டவில்லை.

போர் வந்தபோது அவனைப் படையில் எடுக்கவில்லை. பீர்க்கடையில், "அந்தக் கால்தாண்டா உன்னைக் காப்பாத்துச்சு" என்று இன்றும் தோளில் தட்டுகிறார்கள். காப்பாற்றத்தான் காஸ்தோன் அன்றைக்கு வந்தாரா?

கோப்பை வாங்கி இருபத்தைந்து வருடம் ஆனதென்று இந்த வருடம் குழு ஒரு நினைவு மலர் அச்சடித்திருக்கிறது. கோப்பையைப் பிடித்தபடி காஸ்தோனின் படம் ஒரு முழுப் பக்கம். அண்ணனைப் பற்றி ஒரு வரி: "சிறு காயம் காரணமாகத் தன் விருப்பப்படி விலகினார்." அவன் படித்துவிட்டு மடித்து வைத்தான்.

ஒனோரே தெல்பெக்குக்கு இப்போது நாற்பத்தேழு வயது. முடிச்சுப் பொறுக்கும் கூடத்தில் மூன்றாவது மேசையில், எனக்குப் பக்கத்தில் உட்கார்ந்து வேலை செய்கிறான். வலது கால் மடங்குவதில்லை.