சகெல்லாரிஸுக்கு வேகவைக்காத கோதுமை

கிரேக்கத் தீவான கலிம்னோஸின் படகுத் துறையில் தெமெலினாவைக் கடற்கன்னி என்றுதான் சொல்வார்கள். பழைய கதையில், கடற்கன்னியாகிவிட்ட அலெக்சாந்தர் ராஜாவின் தங்கை கப்பல்களை மறித்து, அண்ணன் இருக்கிறானா என்று கேட்பாள். இருக்கிறான், ஆள்கிறான் என்றால் கடல் அடங்கும். செத்துவிட்டான் என்ற கப்பல் கரை சேராது.

தெமெலினாவின் கணவன் சகெல்லாரிஸ் கடலில் மூழ்கிக் கடற்பஞ்சு எடுக்க ஆப்பிரிக்கக் கரைக்குப் போனான். படகு திரும்பியது. மூழ்கும்போது அவன் மூச்சுக்கு இருந்த காற்றுக் குழாயும் அறுந்து திரும்பியது. உடல் கிடைக்கவில்லை. அவள் விதவைக் கறுப்பு உடுத்தவில்லை. வந்த படகையெல்லாம் விசாரித்தாள்.

"உன் ஆளு ஆண்டுக்கிட்டிருக்கான் அக்கா" என்று படகிலிருந்து கத்துவார்கள்.

"அப்படின்னா உன்னை மாதிரி சோம்பேறிய எப்பவோ நாடு கடத்தியிருப்பாரே" என்பாள். அவள் கையில் கடற்பஞ்சு வெட்டும் கத்தரி நிற்காது.

கோயில் ஜெபத்தில் படிக்க அவன் பெயரை உயிரோடு இருப்பவர்களோடுதான் கொடுப்பாள், இறந்தவர்களோடு அல்ல. பாதிரியார் தயங்கினால், "செத்ததை நீங்க பாத்தீங்களா சாமி?" என்பாள்.

மகள் கலோத்தினா கப்பல் எஞ்சின்களில் வேலை செய்பவள். பஞ்சு எடுக்கும் ஆழத்தில் காற்றுக் குழாய் அறுந்தால் என்ன ஆகும் என்று அவளுக்குத் தெரியும். அம்மாவிடம் சொன்னதில்லை.

பிப்ரவரியில் தெமெலினா நோயில் படுத்தாள். இறந்தவர்களுக்குக் கோதுமை வேகவைத்துக் கோயிலில் படைப்பது அந்த ஊர் வழக்கம். "எனக்குக் கோதுமை வேகவை. அவருக்கு வேணாம். வந்து பாத்தார்னா சங்கடப்படுவார்" என்றாள். மறுநாள் போய்விட்டாள்.

நாற்பதாம் நாளுக்குக் கோதுமை கழுவும்போது அத்தை எவ்தோக்கியா வந்தாள். சகெல்லாரிஸின் அக்கா.

"என் தம்பிக்கு இன்னொரு கைப்பிடி போடுடி."

"அம்மா வேணாம்னாங்க, அத்தை."

"அவ சொல்லுவா. அவ முன்னால யாரும் அழக் கூடாது. நான் அவன் கூடப் பொறந்தவ. முப்பது வருஷமா அழுகைய அடக்கி வெச்சிருக்கேன். நானும் போயிட்டா அவனுக்கு யாரு அழுவா, நீயா? உனக்கு அவன் முகமாவது ஞாபகம் இருக்கா?"

இல்லை. கலோத்தினா அம்மா சொன்னபடி ஒருத்திக்கான அளவுதான் போட்டாள். அத்தை எழுந்து போனாள்.

நாற்பதாம் நாள் கோயிலில் பாதிரியார் கலோத்தினாவிடம் இறந்தவர் பெயர் கேட்டார்.

"தெமெலினா."

அவ்வளவுதானா என்பது போலப் பார்த்தார். அத்தை தரையைப் பார்த்தபடி நின்றிருந்தாள்.

"சகெல்லாரிஸ்" என்றாள் கலோத்தினா.

"உயிரோட இருக்கிறவங்கள்லயாம்மா?"

"இல்ல. அம்மாகூட."

இரண்டு பெயரையும் இறந்தவர்களோடு சேர்த்துப் படித்தார். எவ்தோக்கியா தலைத்துணியை இழுத்துக் கழற்றினாள். நரைத்த கூந்தல் அவிழ்ந்தது. தம்பியைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு அழ ஆரம்பித்தாள்.

கலோத்தினா அவளைப் பிடித்துக்கொள்ளப் போனாள். அம்மாவின் பேச்சை மீறியது அப்போதுதான் உறைத்தது. இனி அந்த வீட்டில் யாரும் யாருக்காகவும் காத்திருக்கப் போவதில்லை.